ஒரு நாள் முன்னதாக வரும் கடிதம்

ஓர் அரசியல்வாதியின் வாழ்க்கையை எழுதும் வேலை கிடைத்த அன்று துபாயில், அல் குசைஸ் பகுதியில் அக்கா வீட்டு ஹாலில் நான் குதித்தேன். அக்கா தோசைக் கரண்டியோடு எட்டிப் பார்த்து, கீழ் வீட்டுக்காரர்கள் வந்து நிற்பார்கள், மெதுவாகக் குதி என்றாள். எதையும் மெதுவாகச் செய்ய எனக்கு வராது. திருச்சியில் அரசியல் அறிவியல் முதுகலை படித்தபோது தேர்தல் முறைகளைப் பற்றிக் கேள்வி கேட்டே ஆசிரியர்களை ஓட வைத்தவள். இப்போது எனக்கென்று ஒருவர் அகப்பட்டிருந்தார். அயர்லாந்துக்காரர். ஊர் கவுன்சிலராகத் தொடங்கி, மாவட்டக் கவுன்சில், நாடாளுமன்றம், கடைசியில் இணை அமைச்சர் என்று ஏறிப் போனவர். பிறகு தோற்றவர். இடுப்பு எலும்பு அறுவை சிகிச்சைக்குப் பிறகு துபாயில் மகள் வீட்டில் இருக்கிறார்.

வேலை கொடுத்தவர் பர் துபாயில், மீனா பஜாரில் ஒரு சேலைக்கடைக்கு மேலே இரண்டு அறை வைத்து நடத்தும் கோழிக்கோட்டு மேடம். கம்பெனிகளின் வெள்ளிவிழா மலர், முதலாளிகளின் வாழ்க்கை வரலாறு, கல்யாண நாள் ஆல்பம் எல்லாம் எழுதி அச்சடித்துக் கொடுப்பார். அயர்லாந்துக்காரரின் எழுபத்தைந்தாவது பிறந்தநாளுக்கு அவருடைய மகள் ரகசியமாக இல்லாமல், அவரிடம் சொல்லியே, ஒரு புத்தகம் பரிசளிக்க நினைத்தார். மேடம் என்னிடம் சொன்னது இரண்டே வாக்கியம். பிறந்தநாளுக்குப் பத்து நாள் முன்னால் எல்லாம் அச்சுக்குப் போய்விட்டால் உனக்கு வேலை விசா. போகாவிட்டால் உன் விசிட் விசா முடிகிற அன்று ஃபிளைட்.

ஊரில் அப்பா எனக்காக பி.எட். விண்ணப்பம் வாங்கி, பூர்த்தி செய்து, கையெழுத்துக்கு மட்டும் இடம் விட்டு வைத்திருந்தார். ஆகவே எனக்கு அந்தப் புத்தகம் முடிய வேண்டும். எதற்காகவாவது அவ்வளவு வேண்டியிருந்திருக்கிறதா என்று யோசித்தால், இல்லை.

அவர் இருந்தது ஒரே மாதிரி வில்லாக்கள் வரிசையாக நிற்கும் ஒரு குடியிருப்பில். மதியம் அவர் தூங்கி எழுந்ததும் இரண்டு மணிக்கு நான் போவேன், நாலேகாலுக்குக் கிளம்புவேன். முதல் நாள் கேள்விகளை எட்டுப் பக்கத்துக்குத் தட்டச்சு செய்து கொண்டுபோனேன். அமைச்சரவையில் என்ன நடந்தது, கூட்டணி எப்படி உடைந்தது, ஓட்டு எண்ணும்போது எப்படி இருந்தது. அவர்கள் ஊரில் ஓட்டுச்சீட்டில் முத்திரை கிடையாது; வேட்பாளர்களுக்கு ஒன்று, இரண்டு, மூன்று என்று வரிசை எண் போட வேண்டும். ஒரு தொகுதிக்கு மூன்று நான்கு பேர் தேர்வாவார்கள். எண்ணி முடிக்க நாள் கணக்கில் ஆகும். புத்தகத்தில் படித்தபோதே எனக்கு நாக்கில் எச்சில் ஊறிய விஷயம் இது.

அவர் எட்டுப் பக்கத்தையும் வாங்கிப் பார்த்தார். நன்றாக இருக்கிறது என்றார். பிறகு முதல் நாள் முழுக்க ஒரு சாக்கடை மூடியைப் பற்றிச் சொன்னார்.

சத்தியமாக. ஊர் நடுவில், கசாப்புக் கடைக்கு எதிரே இருந்த சாக்கடை மூடி. கார் ஏறினால் டங் என்று சத்தம் வரும், மாடியில் குடியிருந்த விதவைக்குத் தூக்கம் போய்விட்டது. அதை மாற்ற அவருக்குப் பதினான்கு மாதம் ஆனது. பதினான்கு மாதத்தையும் வரிசையாகச் சொன்னார். இரண்டாம் நாள் தெருவிளக்கு. மூன்றாம் நாள், யாரோ ஒருவரின் வேலி தாண்டும் ஆடு. நான்காம் நாள் துக்க வீடுகள். எந்தத் துக்க வீட்டுக்கு எத்தனை மணிக்குப் போகவேண்டும், எங்கே நிற்கவேண்டும், டீ கொடுத்தால் எவ்வளவு குடிக்கவேண்டும். அமைச்சர் பதவியைக் கேட்டேன். அதில் ஒன்றும் இல்லை, காரில் கதவைத் திறந்துவிட ஆள் இருந்தது, அதுதான் வித்தியாசம் என்றார்.

அக்கா பையன் வீட்டில் கேட்டான். "சித்தி, அவர் ஃபேமஸா?" சாக்கடை மூடி அளவுக்கு ஃபேமஸ் என்றேன்.

மேடம் முதல் நாற்பது பக்கத்தைப் படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். இது வாழ்க்கை வரலாறு மாதிரி இல்லை, நகராட்சியின் மினிட்ஸ் புத்தகம் மாதிரி இருக்கிறது என்றார். மனிதர் ஏன் தோற்றார், அதைக் கேள் என்றார். மகளோ, தோல்விக்கு அரைப் பக்கம் போதும், அப்பாவுக்கு அது பிடிக்காது என்று முதலிலேயே எழுதி அனுப்பியிருந்தார். நான் கேட்டேன். ஒவ்வொரு நாளும் கேட்டேன். கேட்கும்போதெல்லாம் அவர் பிஸ்கட் தட்டை என் பக்கம் தள்ளினார்.

இந்த மனிதரிடம் எனக்குக் கடுப்பு வந்ததற்கு முக்கியக் காரணம் ஆடோ மூடியோ இல்லை. அவர் தொழிலை விடவில்லை. ஊரில் சனிக்கிழமை தோறும் ஒரு மதுக்கடையின் பின் அறையில் உட்கார்ந்து குறை கேட்பாராம். அங்கே எல்லா அரசியல்வாதிகளும் அப்படித்தான், கவுன்சிலரானாலும் அமைச்சரானாலும். வருகிறவர் பெயர், ஊர், குறை எல்லாம் ஒரு சின்ன நோட்டில் ஏறும். பிறகு, இதுதான் முக்கியம், ஒருவர் விடாமல் எல்லோருக்கும் கடிதம் போகும். காரியம் நடந்தாலும் நடக்காவிட்டாலும் கடிதம் போகும். உங்கள் கோரிக்கையை உரியவர்களின் கவனத்துக்குக் கொண்டு சென்றுள்ளேன், முன்னேற்றம் குறித்து மீண்டும் எழுதுவேன். காரியம் ஏற்கெனவே முடிவாகிவிட்டது என்று அலுவலகத்தில் காதில் விழுந்தால் இன்னும் விசேஷம். அரசாங்கக் கடிதம் நாளை போய்ச் சேரும் என்றால் அவருடைய கடிதம் இன்றே போய்ச் சேர்ந்துவிடும். "எனக்குக் கிடைத்த தகவல்படி" என்று ஆரம்பிக்கும். பென்ஷன் வாங்குகிறவர் காலம் முழுக்க அதை இவர் வாங்கிக் கொடுத்ததாகவே நினைப்பார்.

இது மோசடி இல்லையா சார் என்று கேட்டேன். இல்லை, தபால் என்றார்.

அந்தச் சின்ன நோட்டு துபாய்க்கும் வந்திருந்தது. முதல் வாரமே அதில் என் அக்கா வீட்டு லிஃப்ட் ஏறியது. வாட்ச்மேனின் முழங்கால் வலி ஏறியது. மகள் வீட்டில் சமைக்கும் அம்மாவின் தம்பிக்கு மணிலாவில் கிடைக்க வேண்டிய ஏதோ சான்றிதழ் ஏறியது. நான் அமைச்சரவையைக் கேட்டால் அவர் லிஃப்ட் சரியானதா என்று கேட்பார்.

டாக்டர் நடக்கச் சொல்லியிருந்ததால் நாலேகாலுக்கு நான் கிளம்பும்போது கைத்தடியோடு வாசல் கேட் வரைக்கும் கூட வருவார். அங்கேதான் அந்த ஆறு பேரைப் பார்த்தார். குடியிருப்பின் தோட்ட வேலைக்காரர்கள். நான்கு மணிக்கு வேலை முடியும். தொழிலாளர்கள் தங்கும் சோனாப்பூர் கேம்ப்புக்குக் கூட்டிப்போகும் கம்பெனி பஸ் ஐந்துக்கும் வரும், ஐந்தரைக்கும் வரும். அதுவரை கேட்டுக்கு வெளியே, மேற்கு வெயில் நேராக அடிக்கிற நடைபாதையில், தலையில் துண்டைப் போட்டுக் குந்தியிருப்பார்கள். மே மாத வெயில். ஆறு பேரில் நான்கு பேர் தமிழ். மூத்தவர் அறந்தாங்கிப் பக்கம், ஐம்பது தாண்டியவர், மற்றவர்கள் அவரைப் பார்த்துத்தான் எழுந்திருப்பார்கள், உட்காருவார்கள்.

இவர்களுக்கு ஏன் ஒரு நிழற்குடை இல்லை என்று என்னிடம் கேட்டார், நான்தான் கேட்டின் பொறுப்பாளி என்பதுபோல. தெரியவில்லை சார், என் பஸ் போய்விடும் என்றேன். அவர் நோட்டை எடுத்துவிட்டார். பெயர் கேட்கச் சொன்னார். நான் மொழிபெயர்த்தேன். ஆறு பேரும் எழுந்து நின்று, பெயர், அப்பா பெயர், ஊர் எல்லாம் சொன்னார்கள். பள்ளிக்கூடத்தில் வருகை எடுக்கும்போது சொல்வதுபோல, முகத்தில் எதுவும் இல்லாமல். அந்த முகத்தை நான் கவனித்திருக்க வேண்டும். நானோ மெட்ரோ நேரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மகள் வேண்டாம் என்றார். இது நம் ஊர் இல்லை அப்பா, நீங்கள் இங்கே விருந்தாளி என்றார். அவர் சரி சரி என்று சொல்லிவிட்டு, மகள் ஆபீஸ் போனதும் குடியிருப்பின் பராமரிப்பு அலுவலகத்துக்கு மின்னஞ்சல் அனுப்பினார். அங்கிருந்து, உங்கள் கோரிக்கை பதிவாகிவிட்டது என்று கம்ப்யூட்டர் தானாக அனுப்பும் பதில் வந்தது, ஒரு எண்ணோடு. அந்த எண்ணைப் பார்த்து அவர் அடைந்த சந்தோஷத்தை என்னவென்று சொல்ல. எண் கிடைத்துவிட்டது என்றால் பாதி வேலை முடிந்ததாம். அன்று முழுக்கப் புத்தகத்துக்கு ஒரு வரி இல்லை. ஆறு பேருக்கும் தனித்தனியாகக் கடிதம் சொல்லச் சொல்ல நான் அடித்தேன். ஊரிலிருந்து கொண்டுவந்த தாளில்தான் அச்செடுக்க வேண்டும் என்றார். மேலே பச்சை எழுத்தில் அவர் பெயர், அதற்குக் கீழே முன்னாள் இணை அமைச்சர். தமிழில் ஒரு பிரதி போட்டுக் கொடு என்று கேட்டார். விசா முடிய இருபத்தாறு நாள்தான் இருந்தது. நேரம் இல்லை சார், வாயால் சொல்லிவிடுகிறேன் என்றேன்.

சொல்லவில்லை. அதைத்தான் இங்கே எழுத வேண்டியிருக்கிறது. கேட்டுக்குப் போனபோது கம்பெனி பஸ் அதிசயமாகச் சீக்கிரம் வந்து நின்றுகொண்டிருந்தது. ஆறு கவரையும் அறந்தாங்கிக்காரர் கையில் திணித்து, சார் குடுத்தாருண்ணே, எல்லாருக்கும் குடுத்துருங்க என்று சொல்லிவிட்டு என் பஸ்ஸைப் பிடிக்க ஓடினேன். அவர் கவரைத் திருப்பிப் பார்த்தார். "சரி பாப்பா" என்றார். குரல் இறங்கியிருந்தது என்பது இப்போது ஞாபகம் வருகிறது.

மறுநாள் கேட்டில் அவர்கள் இல்லை. அதற்கு மறுநாள் மதியம் நான் வந்தபோது தோட்டத்தில் வேறு ஆறு பேர் வேலை செய்துகொண்டிருந்தார்கள், பங்களாதேஷ்காரர்கள். கேட் செக்யூரிட்டியில் இருந்த திருச்சூர்க்காரர்தான் நடந்ததைச் சொன்னார்.

இங்கே தொழிலாளிக்கு யார் கடிதம் எழுதுகிறார்கள்? பெயர் போட்டு, ஒட்டிய கவரில், இங்கிலீஷில் ஒரு கடிதம் கைக்கு வந்தால் அதற்கு ஒரே அர்த்தம்தான். விசா கேன்சல். பெட்டி கட்டு. மூன்று நாள் முன்னால் ஒரு வெள்ளைக்காரர் பெயரெல்லாம் எழுதிக்கொண்டு போயிருக்கிறார். அப்புறம் கடிதம். ஆறு பேரும் கவரைப் பிரிக்கவே இல்லை. மறுநாள் காலை கேட்டுக்கு வந்ததும், பிரிக்காத கவர்களோடு நேராகச் சூப்பர்வைசரிடம் போய், "சாப், நாங்க ஒண்ணும் தப்புப் பண்ணல" என்று இந்தியில் கெஞ்சியிருக்கிறார்கள். சூப்பர்வைசருக்கு ஒன்றும் புரியவில்லை. கவரைப் பிரித்தார். முன்னாள் அமைச்சர், நிழற்குடை, தங்கள் கோரிக்கை. இந்த ஆறு பேரும் சேர்ந்து மந்திரியிடம் புகார் கொடுத்திருக்கிறார்கள் என்று முடிவு செய்தார். அன்று மதியமே வேறு சைட். நெடுஞ்சாலை நடுவே செடி வைக்கும் வேலை.

நேராக வில்லாவுக்குள் போனேன். அவர் பிஸ்கட் தட்டோடு உட்கார்ந்திருந்தார், நிழற்குடைக்கு அடுத்த கடிதம் எழுத வேண்டும் என்றார். எனக்கு இருபத்துநாலு வயது, அவருக்கு எழுபத்தைந்து ஆகப்போகிறது, அவர் புத்தகத்தில்தான் என் விசா இருக்கிறது. எல்லாம் தெரிந்தும் வாய் நிற்கவில்லை. "சார், உங்க கடிதத்த யாருமே கேக்கல. நிழல்கூட அவங்க கேக்கல. நீங்கதான் கேட்டீங்க. இப்ப இருந்ததும் போச்சு." இதை இங்கிலீஷில்தான் சொன்னேன், ஆனால் கோபம் முழுக்கத் தமிழ். கவரைக் கொடுத்துவிட்டு ஒரு வார்த்தை சொல்லாமல் ஓடியது நான்தான் என்பதையும் சொன்னேன். அது கொஞ்சம் தாமதமாக வந்தது.

அவர் நோட்டை எடுத்து அந்தப் பக்கத்தைப் பார்த்தார். ஆறு பெயரையும் சரியான உச்சரிப்பில்லாமல், ஆனால் விடாமல் படித்தார். பிறகு, எங்கே இருக்கிறார்கள், என்னைக் கூட்டிப்போ என்றார். அங்கே போய் என்ன செய்வீர்கள் என்றேன். துக்க வீட்டில் என்ன செய்வார்களோ அது என்றார்.

அவர்களுக்கு விடுமுறை நாளாகப் பார்த்து அத்தான் காரில் போனோம். அத்தான் கட்டுமானக் கம்பெனியில் அளவு, மதிப்பீடு பார்க்கிறவர். வாரத்தில் ஒரே ஒரு நாள் தூங்குவார். அந்த நாளைப் பறிகொடுத்த முகத்தோடு ஓட்டினார். ஆண்கள் மட்டும் தங்கும் கேம்ப்புக்குள் நான் போக முடியாது. எதிரே இருந்த கேஃப்டீரியா வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்தோம். அறந்தாங்கிக்காரரும் இன்னும் இரண்டு பேரும் வந்தார்கள், சலவைச் சட்டை போட்டு, தலை வாரி. சுற்றிலும் நூறு பேர் டீ குடித்துக்கொண்டு எங்களையே பார்த்தார்கள்.

அவர் எழுந்து நின்று மூன்று பேருக்கும் கை கொடுத்தார். தப்பு தன்னுடையது என்றார். நான் மொழிபெயர்த்தேன், என்னுடையதையும் சேர்த்து. மூத்தவர் கேட்டுக்கொண்டார். பிறகு சட்டைப் பையிலிருந்து கடிதத்தை எடுத்தார். நாலாக மடித்திருந்தது, வியர்வையில் பச்சை மை கலங்கியிருந்தது. இரண்டு கையாலும் நீட்டினார்.

"இத அய்யாவே வச்சுக்கச் சொல்லு பாப்பா."

அவர் வாங்கிக்கொண்டார். முகம் சட்டென்று வேறாகிவிட்டது. யாரோ பின்னாலிருந்து கூப்பிட்டதுபோல இருந்தது. நான் பேச்சை மாற்ற, புது சைட் எப்படிண்ணே இருக்கு என்று கேட்டேன்.

"வெயிலுதான். ஆனா பஸ்ஸு டயத்துக்கு வருது. பழைய எடத்துல கேட்டுப் பக்கத்துல ஒரு வீட்டம்மா ஐஸ் தண்ணி குடுப்பாங்க, அதுதான் போச்சு. அவுகளப் பாத்தா சொல்லிருங்க, சொல்லாம வந்துட்டோம்னு."

பழைய இடத்துக்கே மாற்றச் சொல்லிச் சூப்பர்வைசரிடம் பேசட்டுமா என்று இவர் கேட்டார். நான் சொல்லி முடிப்பதற்குள் மூன்று பேரும் தலையாட்டினார்கள், வேண்டாம் என்று. ஒருவர் சிரித்தேவிட்டார். "பேசுனாப் பரவால்ல. லெட்டரு மட்டும் வேணாம்னு சொல்லு பாப்பா." அதை அப்படியே மொழிபெயர்த்தேன், குறைக்காமல். அவரும் சிரித்தார். அவர்கள் வாங்கிக் கொடுத்த டீயைக் கடைசிச் சொட்டுவரை குடித்தார்.

திரும்பும்போது கார் கிளம்பி ஒரு சிக்னல்கூடத் தாண்டவில்லை, பின்சீட்டிலிருந்து பேச ஆரம்பித்தார். நான் இத்தனை வாரம் தொண்டை வறளக் கேட்டதை, ரெக்கார்டர் இல்லாத நேரத்தில், அத்தானின் காரில். கைபேசியில் கட்டைவிரலால் அடித்துக்கொண்டே வந்தேன்.

அவர் இணை அமைச்சராக இருந்தபோது அவர் ஊர் ஆஸ்பத்திரியில் பிரசவப் பிரிவை மூடப்போவதாகப் பேச்சு. ஊரே கொதித்தது. ஒருநாள் தலைநகரில், தாழ்வாரத்தில், ஓர் அதிகாரி காதோரம் சொன்னார், மூடவில்லை, நாளை மறுநாள் அறிவிப்பு. இவருக்கு எதிரி எதிர்க்கட்சியில் இல்லை. அந்த ஓட்டு முறையில் ஒரே தொகுதியில் ஒரே கட்சிக்காரர்கள் இரண்டு பேர் நிற்பார்கள். பக்கத்து நாற்காலிதான் எதிரி. அந்த ஆளுக்கும் இந்தச் செய்தி தெரிந்திருக்கும் என்று இவருக்குப் பயம். அன்றைக்கே ஊருக்குப் போன் போட்டு, மறுநாள் காலையே தொகுதி முழுக்க வீடு வீடாகக் கடிதம் அனுப்பினார். "எனக்குக் கிடைத்த தகவல்படி பிரசவப் பிரிவு தொடரும்." ஒரு நாள் முன்னதாக. வழக்கம்போல.

அன்று சாயங்காலம் முடிவு மாறிவிட்டது. பிரிவை மூடினார்கள்.

அடுத்த தேர்தலில் ஓட்டுக் கேட்டு அவர் வாசல் வாசலாகப் போனார். யாரும் திட்டவில்லையாம். திட்டியிருந்தால் பதில் வைத்திருந்தார். ஒரு வீட்டில் ஒரு பெண் கதவைத் திறந்து, கொஞ்சம் இருங்கள் என்று உள்ளே போய், அலமாரியிலிருந்து கடிதத்தை எடுத்து வந்து அவர் கையில் கொடுத்துவிட்டுக் கதவைச் சாத்தினார். நாலாக மடித்த கடிதம். அந்தத் தெருவிலேயே இன்னும் மூன்று வீட்டில் அப்படி நடந்தது. "தோற்றது எண்ணிக்கை நாளில் இல்லை" என்றார். "அந்தத் தெருவில்."

அத்தான் கேட்டுக்கொண்டே வந்ததில் திரும்ப வேண்டிய எக்ஸிட்டை விட்டுவிட்டு ஷார்ஜா பக்கம் போய்விட்டார். "ஏம்மா, ரோட்டப் பாத்துச் சொல்ல மாட்டியா" என்று என்மேல் விழுந்தார்.

அந்த அத்தியாயத்தை ஒரே மூச்சில் எழுதினேன். மேடம் படித்துவிட்டு எனக்கு ஒரு சமோசா வரவழைத்தார். மகளுக்கு அனுப்பினோம். ஒரு மணி நேரத்தில் பதில் வந்தது. இந்த அத்தியாயம் வேண்டாம், எடுத்துவிடுங்கள். இவரிடம் சொன்னேன். அத்தியாயம் இல்லை என்றால் புத்தகம் இல்லை, வெறுமனே ஆடு கதை பேசிக்கொண்டிருக்கலாம் என்றார் நிம்மதியாக. அச்சுக்குப் போக நான்கு நாள் இருந்தது. அப்பாவும் மகளும் ஒரே வீட்டில் இருந்துகொண்டு ஆளுக்கொரு பக்கம் எனக்கு மின்னஞ்சல் அனுப்பினார்கள். மேடம் என்னை முறைத்தார். அக்கா, பி.எட். ஒன்றும் கேவலம் இல்லை என்று ஆரம்பித்தாள். வீட்டுச் சுவரில் தலையை முட்டிக்கொள்ளலாம் என்றால் கீழ் வீட்டுக்காரர்கள் வேறு.

மூன்றாம் நாள் மகளே எங்கள் ஆபீஸுக்கு வந்தார், சேலைக்கடைப் படிக்கட்டு ஏறி. நான் சண்டைக்குத் தயாராக இருந்தேன். வாதங்களை எண் போட்டு எழுதி வைத்திருந்தேன். அவர் நாற்காலியில் உட்கார்ந்து, அச்செடுத்து வந்த பக்கங்களை மடியில் வைத்துக்கொண்டு, "அந்தக் கவரெல்லாம் ஒட்டினது நான்தான்" என்றார். கல்லூரி லீவில் வீட்டுக்கு வந்திருந்தாராம். அப்பா போன் செய்தபோது எடுத்தது அவர். சமையலறை மேசையில் அம்மாவும் அவரும் விடிகிறவரை ஒட்டினார்களாம். முதல் கட்டு தபாலுக்குப் போகும்போது ரேடியோவில் எதுவும் சொல்லவில்லையே, சாயங்காலம் வரை பொறுக்கலாமே என்று அம்மா கேட்டிருக்கிறார். பொறுத்தால் அடுத்த ஆள் முந்திவிடுவான் என்று மகள்தான் சொன்னாராம்.

இதுவரை அப்பாவிடம் அவர் அதைச் சொன்னதில்லை. அதையும் சேர்த்துவிடு என்றார். சேர்த்தேன். கூடவே முப்பது இடத்தில் என் காற்புள்ளிகளைத் திருத்தினார். அதற்கும் தலையாட்டினேன்.

புத்தகம் கடைசி நாள் மதியம் அச்சுக்குப் போனது. விசாவைப் பற்றி மேடம் வாயைத் திறக்கவில்லை. கேட்டால், பார்க்கலாம் என்றார். பிறந்தநாள் வந்தபோது என் விசிட் விசாவில் ஏழு நாள் பாக்கி. பிறந்தநாளுக்கு என்னைக் கூப்பிட்டிருந்தார்கள். போகும்போது கேட்டுக்கு வெளியே நான் பார்த்தது என்ன தெரியுமா? நிழற்குடை. பராமரிப்பு அலுவலகம் அந்தப் பாழாய்ப்போன எண்ணுக்கு வேலையை முடித்திருந்தது. அடியில் புதிய ஆறு பேர் காலை நீட்டி உட்கார்ந்திருந்தார்கள். அவர்கள் யாரும் கேட்காத, அவர்களுக்காக யாரும் கேட்காத நிழல். அவர் என்னைப் பார்த்ததும் முதல் வார்த்தை, நிழற்குடையைப் பார்த்தாயா என்பதுதான். அறந்தாங்கிக்காரருக்கும் மற்றவர்களுக்கும் அது இல்லையே சார் என்றேன். கேட் பக்கத்து வீட்டு அம்மாவிடம் தண்ணீர் விஷயத்தைச் சொல்லிவிட்டேன் என்றார். நேரில், வாயால். புதிய ஆறு பேரின் பெயரைக் கேட்க நோட்டை எடுத்தார். பேனாவை நான் பிடுங்கி என் பையில் போட்டுக்கொண்டேன்.

வேறு பேனா வைத்திருந்திருக்கிறார்.

இரண்டு நாள் கழித்து ஆபீஸ் மேசையில் ஒரு கவர். ஒட்டியது, என் பெயர் போட்டது, இங்கிலீஷ். அனுப்பியவர் பெயர் இல்லை. என் கை அதைத் தொடவில்லை. முடிந்தது, கல்லாஸ், என்று தோன்றியது. மேடம் நேரில் சொல்லச் சங்கடப்பட்டுக் கடிதமாக வைத்துவிட்டார். கீபோர்டுக்கு அடியில் தள்ளிவிட்டு மதியச் சாப்பாட்டைச் சாப்பிட்டேன், ருசி தெரியவில்லை. அறந்தாங்கிக்காரர் அந்தக் கவரை ஒரு ராத்திரி முழுக்க எங்கே வைத்துப் படுத்திருப்பார் என்று அப்போதுதான் யோசித்தேன். மூன்றரைக்குப் பிரித்தேன். மேலே பச்சை எழுத்து.

தங்கள் பணி விசா தொடர்பாகத் தங்கள் நிறுவன மேலாளரின் கவனத்துக்குக் கொண்டு சென்றுள்ளேன். எனக்குக் கிடைத்த தகவல்படி முடிவு தங்களுக்குச் சாதகமானது. முன்னேற்றம் குறித்து மீண்டும் எழுதுவேன்.

மேடத்திடம் ஓடினேன். அவர் பெருமூச்சு விட்டார். விசாவுக்குப் போன வாரமே விண்ணப்பித்தாகிவிட்டதாம், வந்ததும் சொல்லலாம் என்று இருந்தாராம். முந்தாநாள் அந்தக் கிழவர் போன் செய்து, புத்தகம் கூடுதலாகப் பத்துப் பிரதி வேண்டும் என்றவர், பேச்சுவாக்கில் அந்தப் பெண்ணுக்கு என்ன ஆயிற்று என்று கேட்டாராம். ஆகிவிட்டது என்று சொன்னேன், அவ்வளவுதான் என்றார் மேடம்.

ஒரு மனிதர் இவ்வளவு பட்டபிறகும். ஒரு ஊர் ஆஸ்பத்திரி, ஒரு தேர்தல், ஆறு தோட்டக்காரர்கள். கோபத்தில் போன் போட்டேன். சார், இது ஏற்கெனவே முடிவான விஷயம், நீங்கள் எதுவுமே செய்யவில்லை என்றேன்.

"ஆமாம்" என்றார். "ஆனால் உன்னிடம் முதலில் சொன்னது யார்?"